அமெரிக்க உள்நாட்டுப் போரில் அடிமைப் பண்ணையார்கள் சரிந்தது எப்படி? உண்மையிலேயே சரிந்தார்களா?

சிறுமலை எழுதியது:

அமெரிக்க உள்நாட்டுப் போர் என்றதும் லிங்கன், கெட்டிஸ்பர்க், அடிமை ஒழிப்பு என்று பேச்சு போய்விடுகிறது. போரை ஆரம்பித்த வர்க்கம் என்ன ஆனது என்று யாரும் கேட்பதில்லை. 1860இல் அமெரிக்காவின் பெரும் பணக்காரர்களில் பெரும்பாலோர் தெற்கத்திப் பண்ணையார்கள். 1865இல் அவர்களில் பலர் அடுத்த வெள்ளாமைக்குக் கடன் கேட்டு அலைந்தார்கள். இதைப் பற்றிப் பேசத்தான் இந்த இழை.

முதலில் இவர்கள் யார் என்று பார்த்துவிடலாம். 1860 குடிக்கணக்குப்படி 15 அடிமை மாநிலங்களில் வெள்ளையர் சுமார் 80 லட்சம் பேர், அடிமைகள் 39.5 லட்சம் பேர். அடிமைகளை வைத்திருந்த முதலாளிகள் நாலு லட்சத்துக்குக் கொஞ்சம் குறைவு. அவர்களிலும் பாதிப் பேரிடம் நாலைந்து பேருக்கு மேல் இல்லை. 20 பேரோ அதற்கு மேலோ வைத்திருந்தவர்களைத்தான் 'பண்ணையார்' என்று கணக்கில் எடுப்பார்கள். அவர்கள் சுமார் 46,000 பேர். சட்டமன்றம், நீதிமன்றம், ஆளுநர் பதவி எல்லாம் இந்தச் சிறு கூட்டத்தின் கையில் இருந்தது.

சொத்து என்றால் நாம் நிலத்தை நினைப்போம். இவர்களுக்கு மனிதர்கள்தான் பெரிய சொத்து. அடிமைகளின் சந்தை விலை மொத்தம் 300 கோடி டாலருக்கு மேல். நாட்டின் ரயில் பாதைகளையும் தொழிற்சாலைகளையும் சேர்த்துப் போட்டாலும் அதற்குக் கீழேதான். மனிதர்களை அடகு வைத்துக் கடன் வாங்கினார்கள், அந்தக் கடனில் இன்னும் மனிதர்களை வாங்கினார்கள். தெற்கத்தி மாநிலமான மிசிசிப்பி அமெரிக்காவை விட்டுப் பிரிந்து போகும்போது வெளியிட்ட அறிக்கையே, எங்கள் நிலைப்பாடு அடிமை முறையோடு பிரிக்க முடியாமல் பிணைந்தது என்றுதான் ஆரம்பிக்கிறது. மாநில உரிமைக்காகத்தான் போர் நடந்தது என்று இன்றும் சொல்பவர்கள் அந்த ஒரு பக்கத்தைப் படித்தாலே போதும்.

நான் சொல்ல வருவது இதுதான். இந்தச் சொத்தைக் காப்பாற்றத்தான் போருக்குப் போனார்கள். அந்தப் போர்தான் இந்தச் சொத்தைக் கரைத்தது. கரைத்ததில் பெரிய பங்கு அந்தச் சொத்தாகக் கருதப்பட்ட மனிதர்களுடையது. நிலம் மட்டும் கைமாறாமல் நின்றது. பின்னால் வந்த தொல்லை எல்லாம் அதிலிருந்துதான் வந்தது.

---

கரிசல்காட்டான் எழுதியது:

நல்ல இழை. பருத்திக் கணக்கை நான் சொல்கிறேன்.

தென் கரோலினா செனட்டர் ஜேம்ஸ் ஹென்றி ஹேமண்ட் 1858இல் செனட்டில் 'பருத்தியே ராஜா' என்று பேசினார். மூன்று வருடம் பருத்தி அனுப்பாவிட்டால் இங்கிலாந்து குப்புற விழும் என்பது அவர் வாதம். அதை வெறும் வாய்ச்சவடால் என்று தள்ள முடியாது. இங்கிலாந்தின் லங்காஷயர் துணி ஆலைகளுக்குப் போன பஞ்சில் நான்கில் மூன்று பங்குக்கு மேல் அமெரிக்காவிலிருந்துதான் போனது. அந்த நம்பிக்கையில்தான் 1861இல் பண்ணையார்களே பருத்தியை ஏற்றுமதி செய்யாமல் பிடித்து வைத்தார்கள். வடக்கின் கடல் முற்றுகை அப்போது இன்னும் ஓட்டையாகத்தான் இருந்தது. விற்றிருந்தால் ஆயுதம் வாங்கக் காசு கிடைத்திருக்கும்.

முந்தைய வருட விளைச்சல் அமோகம். அதனால் இங்கிலாந்தின் கிடங்குகளில் பஞ்சு நிரம்பிக் கிடந்தது. 1862இல் லங்காஷயரில் பட்டினி வந்தது உண்மை. அதற்குள் இந்தியா, எகிப்து பக்கம் வியாபாரிகள் திரும்பிவிட்டார்கள். சூரத்துப் பஞ்சு, திருநெல்வேலிப் பஞ்சு எல்லாம் யானை விலை விற்றது அப்போதுதான். தூத்துக்குடித் துறைமுகத்தில் பொதி பொதியாக ஏறியது. போர் முடிந்ததும் விலை தடாலென்று விழுந்தது. 1865இல் பம்பாயில் கம்பெனிகளும் வங்கிகளும் வரிசையாகக் கவிழ்ந்தன. மிசிசிப்பிப் பண்ணையாரின் கணக்குப் பிழை நம் கரிசல் வரை ஆட்டிவைத்திருக்கிறது.

---

வாசகி78 எழுதியது:

சிறுமலை ஐயா, ஒரு இடத்தில் உடன்பட முடியவில்லை. அடிமைகளாக இருந்தவர்களின் பங்கு பெரியது, சரி. ஆனால் பண்ணையார்களைத் தள்ளியது வடக்கின் படைதான். 1862 ஏப்ரலில் நியூ ஆர்லியன்ஸ் விழுந்ததால்தான் லூசியானாவின் கரும்பு ராஜ்ஜியம் விழுந்தது. 1861இல் அங்கே நாலரை லட்சம் பெரிய பீப்பாய் சர்க்கரை ஆனது. 1864இல் சுமார் பத்தாயிரம்தான். 1863 ஜூலை 4 விக்ஸ்பர்க் சரணடைந்ததும் மிசிசிப்பி ஆறு முழுவதும் வடக்கின் கைக்குப் போனது. 1864 நவம்பர் 15 அட்லாண்டாவிலிருந்து கிளம்பிய வடக்கின் தளபதி ஷெர்மனின் படை டிசம்பர் 21 சவானாவில் நிற்கிறது. நடுவில் இருந்த பண்ணைகளின் களஞ்சியம், ஆடு மாடு, பஞ்சுக் கொட்டகை எல்லாம் போயிற்று.

படை வராத இடங்களில் அடிமை முறை 1865 வரை நின்றதே? டெக்சஸைப் பாருங்கள். மிசிசிப்பி, லூசியானா முதலாளிகள் பல்லாயிரம் பேரை அங்கே ஓட்டிக்கொண்டு போனார்கள். விடுதலைச் செய்தி கால்வெஸ்டனில் வாசிக்கப்பட்டது 1865 ஜூன் 19. பீரங்கி இல்லாமல் விடுதலை வந்திருக்காது.

---

சிறுமலை எழுதியது:

வாசகி அம்மா, பீரங்கி வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. அந்தப் பீரங்கி யாருக்காகச் சுட்டது என்று பாருங்கள். 1861இல் வடக்கின் படை அடிமைகளை விடுவிக்கக் கிளம்பவில்லை. ஓடி வந்தவர்களைச் சில தளபதிகள் பிடித்து முதலாளியிடமே திருப்பி அனுப்பினார்கள். அதை மாற்றியது ஓடி வந்தவர்கள்தான்.

1861 மே மாதம், வர்ஜீனியாவில் ஃபிராங்க் பேக்கர், ஜேம்ஸ் டவுன்சென்ட், ஷெப்பர்ட் மாலரி என்ற மூன்று பேர். தென்படைக்குப் பீரங்கி மேடை கட்ட அவர்களை வேலைக்கு விட்டிருந்தார் முதலாளி. அடுத்து வட கரோலினாவுக்கு அனுப்பப் போகிறார்கள் என்று தெரிந்ததும் ராத்திரியில் படகேறி வடக்கின் கையில் இருந்த மன்ரோ கோட்டைக்கு வந்துவிட்டார்கள். மறுநாள் முதலாளியின் சார்பில் ஒரு அதிகாரி வெள்ளைக்கொடியோடு வந்து, தப்பிய அடிமைச் சட்டப்படி ஆட்களைத் திருப்பிக் கொடுங்கள் என்று கேட்டார். கோட்டைத் தளபதி பட்லர் தொழிலால் வக்கீல். உங்கள் மாநிலம் இப்போது அந்நிய நாடு என்று நீங்களே சொல்கிறீர்கள், அமெரிக்கச் சட்டம் உங்களுக்கு எப்படிப் பொருந்தும் என்று கேட்டு, அவர்களை எதிரியின் போர்ச் சொத்து என்று சொல்லி வைத்துக்கொண்டார். செய்தி பரவியது. அடுத்தடுத்த நாட்களில் குடும்பம் குடும்பமாக வந்துகொண்டே இருந்தார்கள். அந்த ஆகஸ்டிலேயே எதிரியின் போருக்குப் பயன்பட்ட அடிமைகளை எடுத்துக்கொள்ளும் முதல் பறிமுதல் சட்டம், 1862 ஜூலையில் இரண்டாவது, 1863 ஜனவரி 1 விடுதலைப் பிரகடனம். மூன்று பேர் ஏறிய படகின் பின்னால்தான் இத்தனை சட்டமும் வந்தது.

அப்புறம் போர்ட் ராயல். 1861 நவம்பர் 7, தென் கரோலினாக் கடற்கரைத் தீவுகளுக்கு வடக்கின் கப்பற்படை வந்ததும் பண்ணையார்கள் மேஜை நாற்காலியைக்கூட விட்டுவிட்டு ஓடினார்கள். கூட வரச் சொல்லி மிரட்டியும் சுமார் 10,000 அடிமைகள் போகவில்லை. காட்டிலும் சதுப்பிலும் ஒளிந்துகொண்டார்கள். முதலாளி போனதும் பல பண்ணைகளில் அவர்கள் உடைத்தது பஞ்சு அரவை இயந்திரத்தை. பிறகு தங்கள் சாப்பாட்டுக்குச் சோளமும் கிழங்கும் போட்டார்கள். பருத்தி யாருடைய பயிர், சோளம் யாருடைய பயிர் என்பதில் அவர்களுக்குக் குழப்பமே இல்லை.

போர் முடிவதற்குள் சுமார் 5 லட்சம் பேர் வடக்கின் எல்லைக்குள் வந்துவிட்டதாக வரலாற்றாசிரியர்கள் கணக்கிடுகிறார்கள். கிட்டத்தட்ட 1,80,000 கறுப்பின வீரர்கள் வடக்கின் படையில் சேர்ந்தார்கள். விக்ஸ்பர்க்குக்கும் தெற்கின் தலைநகர் ரிச்மண்டுக்கும் போன படையில் இவர்களும் உண்டு. வரலாற்றாசிரியர் டூ போய்ஸ் இதைப் பொது வேலைநிறுத்தம் என்றே சொன்னார். எனக்கு அது மிகச் சரியாகப் படுகிறது.

---

தஞ்சைநெல் எழுதியது:

எல்லோரும் பருத்தியையே பேசுகிறீர்கள். நெல்லைப் பற்றி நான் சொல்லியே ஆக வேண்டும்.

தென் கரோலினா, ஜார்ஜியாக் கடற்கரையில் நெல்தான் ராஜா. 1860இல் ஆயிரம் பேருக்கு மேல் அடிமைகள் இருந்த ஒரே பண்ணை என்று சொல்லப்படுவதும் நெல் பண்ணைதான்: ஜார்ஜ்டவுன் பக்கம் ஜோஷுவா ஜான் வார்ட் குடும்பம். அங்கே ஏரிப் பாசனம் கிடையாது. கடலில் ஓதம் ஏறும்போது ஆற்றின் நல்ல தண்ணீர் மேலே எதிர்த்து வரும். அப்போது மர மதகைத் திறந்து வயலுக்குள் விடுவார்கள், இறங்கும்போது வடிப்பார்கள். உப்புத் தண்ணீர் உள்ளே வந்தால் வயல் பாழ். மைல் கணக்கில் கரை, நூற்றுக்கணக்கில் மதகு. இதை எல்லாம் சதுப்புக் காட்டை வெட்டி, சேற்றில் நின்று, மண்வெட்டியால் கட்டியவர்கள் மேற்கு ஆப்பிரிக்காவின் நெல் நாடுகளிலிருந்தும் பிடித்து வரப்பட்டவர்கள். அவர்கள் கையில் நெல் அறிவும் இருந்தது.

போர் வந்து நாலு வருடம் கரை பார்க்க ஆளில்லை. கரை உடைந்தது, மதகு இற்றுப்போனது. விடுதலைக்குப் பிறகு முதலாளிகள் திரும்பி வந்து கூலி தருகிறோம் என்றார்கள். குளிர்காலத்தில் இடுப்பளவு சேற்றில் இறங்கிக் கால்வாய் தூர் வாரும் வேலையைச் செய்ய மாட்டோம் என்று மக்கள் சொல்லிவிட்டார்கள். விதைப்போம், அறுப்போம், அந்தச் சேற்று வேலை மட்டும் வேண்டாம் என்றார்கள். கங்காணியின் சாட்டை இல்லாமல் அந்த வேலை நடக்காது என்பது அப்போதுதான் முதலாளிகளுக்கு உறைத்தது. கரோலினா நெல் பழைய நிலைக்குத் திரும்பவே இல்லை. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அங்கே நெல் சாகுபடியே அற்றுப்போனது. பருத்தி முதலாளி வேறு வழியில் மீண்டான். நெல் முதலாளி மீளவில்லை.

---

பழைய மாணவன் எழுதியது:

உள்ளே நடந்த சண்டையை யாரும் தொடவில்லையே. பண்ணையார்கள் தாங்கள் உருவாக்கிய அரசுக்கே ஒத்துழைக்கவில்லை. என்னைக் கேட்டால் தோல்விக்கு இது பாதிக் காரணம்.

பருத்தியைக் குறைத்து சோளம் போடுங்கள், படைக்குச் சாப்பாடு இல்லை என்று 1862இல் ஜார்ஜியாவில் ஊர்க்குழுக்கள் கெஞ்சின. ராபர்ட் டூம்ஸ் தெற்கின் முதல் வெளியுறவுச் செயலராக இருந்தவர். அவரே முடியாது என்றார். கோட்டை வேலைக்கு அடிமைகளை அனுப்பவும் மறுத்தார். 'பருத்தியே ராஜா' ஹேமண்ட் வீட்டுக்குத் தானியம் எடுக்க ராணுவ உத்தரவோடு ஆள் வந்தபோது, அந்தத் தாளைக் கிழித்து ஜன்னல் வழியே எறிந்தார். சந்தை விலைக்குக் குறைவாகக் கொடுத்தால் என் நெற்றியில் அடிமை என்று சூடு போட்டதற்குச் சமம் என்று எழுதிவைத்தார். முந்நூறு பேருக்கு மேல் அடிமைகளாக வைத்திருந்தவர் எழுதிய வரி இது. படிக்கும்போது எனக்கு ரத்தம் கொதித்தது.

மகனைக் கொடுத்தான், சோளத்தைக் கொடுக்க மாட்டான். இந்த நிலையில் ஏழை வெள்ளை விவசாயி என்ன நினைப்பான்? 1862 ஏப்ரலில் கட்டாய ராணுவச் சேவைச் சட்டம் வந்தது. அக்டோபரில் திருத்தம்: 20 அடிமைகள் இருக்கிற பண்ணைக்கு ஒரு வெள்ளை ஆணுக்கு விலக்கு. பணக்காரன் போருக்கு ஏழை சாவதா என்ற பேச்சு படைக்குள் பற்றிக்கொண்டது. 1863 ஏப்ரலில் ரிச்மண்ட் தெருக்களில் பெண்கள் ரொட்டி கேட்டுக் கடைகளை உடைத்தார்கள். கடைசி வருடம் படையை விட்டு ஓடியவர்களைத் தடுக்கவே முடியவில்லை.

முடிவைப் பாருங்கள். ஆள் பற்றாக்குறையில் அடிமைகளையே சிப்பாய்களாக்கலாமா என்று 1865 ஜனவரியில் தெற்கு யோசித்தது. ஜார்ஜியாவின் பெரிய பண்ணையார், தளபதி ஹோவெல் காப் அதை எதிர்த்து எழுதியது: அடிமைகள் நல்ல சிப்பாய்கள் ஆவார்கள் என்றால் அடிமை முறை பற்றிய நம் கொள்கை முழுவதும் தப்பு. மார்ச் 13 அன்று சட்டத்தை நிறைவேற்றினார்கள். அடுத்த மாதமே தலைநகர் விழுந்தது.

---

வாசகி78 எழுதியது:

ஒரு விஷயம் கேட்க வேண்டும். இவர்களுக்கு ஏன் இழப்பீடு கிடைக்கவில்லை? 1833இல் பிரிட்டன் அடிமை முறையை ஒழித்தபோது முதலாளிகளுக்கு 2 கோடி பவுண்டு ஒதுக்கியது. மொரீஷியஸ் கரும்பு முதலாளிகள் அந்தப் பணத்தையும் வாங்கிக்கொண்டு, 1834 முதல் இந்தியாவிலிருந்து ஒப்பந்தக் கூலிகளை இறக்கினார்கள். அதில் நம் மக்கள் எத்தனை பேர் போனார்கள் என்று தெரிந்தவர்களுக்கு இது சும்மா கேள்வி இல்லை. ஹைட்டியிலோ விடுதலை பெற்றவர்களே பிரான்சுக்கு இழப்பீடு கட்ட வேண்டியிருந்தது.

---

சிறுமலை எழுதியது:

கேட்டிருந்தால் கிடைத்திருக்கும் என்பதுதான் பதில், அம்மா. 1862 ஏப்ரலில் வாஷிங்டன் நகரத்தில் அடிமை முறையை ஒழித்தபோது தலைக்கு 300 டாலர் வரை முதலாளிகளுக்குக் கொடுத்தார்கள். அதே ஆண்டு, அடிமை முறை இருந்தும் பிரிந்து போகாத எல்லை மாநிலங்களுக்கும் லிங்கன் இழப்பீட்டோடு படிப்படியான விடுதலை என்ற திட்டத்தை நீட்டினார். போரின் உராய்விலேயே இந்தச் சொத்து தேய்ந்துபோகும், இப்போதே வாங்கிக்கொள்ளுங்கள் என்று ஜூலையில் அவர்களின் காங்கிரஸ் உறுப்பினர்களை அழைத்தே சொன்னார். பெரும்பாலோர் மறுத்துவிட்டார்கள். 1865 டிசம்பரில் அரசியல் சட்டத்தின் 13ஆவது திருத்தம் ஒரு சல்லிக்காசு இல்லாமல் எல்லாவற்றையும் முடித்தது. 1868இல் 14ஆவது திருத்தம், அடிமையை இழந்ததற்கு யாரும் எந்தக் காலத்திலும் பணம் கேட்க முடியாது என்று எழுதியே வைத்தது. தெற்கின் போர்க்கடனும் செல்லாது என்றது. பருத்தியைக் கொடுத்துக் கடன் பத்திரம் வாங்கி வைத்திருந்தவர்களுக்கு அதுவும் போனது.

இழப்பீடு உண்மையில் யாருக்குப் போக வேண்டும் என்பதற்கு 1865 ஆகஸ்டில் வந்த ஒரு கடிதத்தைச் சொல்கிறேன். டென்னசிப் பண்ணையிலிருந்து ஓஹியோவுக்குப் போய்விட்ட ஜோர்டன் ஆண்டர்சனைத் திரும்பி வேலைக்கு வரச் சொல்லி பழைய முதலாளி எழுதியிருந்தார். ஆண்டர்சன் பதில் சொல்லச் சொல்ல எழுதப்பட்டது: நான் 32 வருடம் உழைத்தேன், மனைவி மேண்டி 20 வருடம். எனக்கு மாதம் 25 டாலர், அவளுக்கு வாரம் 2 டாலர் என்று போட்டால் 11,680 டாலர். வட்டியும் சேர்த்து, துணிமணிக்கும் மருத்துவருக்கும் கொடுத்ததைக் கழித்துக்கொண்டு, மீதியை அனுப்புங்கள். உங்கள் நேர்மையை நம்பலாமா என்று அப்போது பார்க்கிறோம். பத்திரிகைகளிலேயே வந்த கடிதம் அது. கழிவைக்கூட விடாமல் கணக்குப் போட்டிருக்கிறார் பாருங்கள்.

---

கரிசல்காட்டான் எழுதியது:

சரிவு சரிவு என்கிறீர்கள். வேட் ஹாம்ப்டனை என்ன செய்வது? தென் கரோலினாவின் மிகப் பெரிய பண்ணையார்களில் ஒருவர். 1865 பிப்ரவரியில் கொலம்பியா எரிந்தபோது அவர் மில்வுட் மாளிகையும் எரிந்தது. 1868இல் திவால். 1876இல் வெள்ளையர் ஆதிக்கத்துக்காக ஆயுதம் ஏந்திய செஞ்சட்டைக்காரர்கள் என்ற கும்பலின் வன்முறைத் துணையோடு ஆளுநர். பிறகு செனட்டர். பதினோரு வருடத்தில் திரும்பி வந்துவிட்டாரே. குடிக்கணக்குகளில் ஒரே குடும்பங்களைத் தேடிப் பிடித்து ஒப்பிட்ட பொருளாதார ஆய்வு ஒன்றும், அடிமை முதலாளிகளின் பிள்ளைகள் 1900 வாக்கில் மற்றவர்களை எட்டிப் பிடித்துவிட்டார்கள் என்றுதான் சொல்கிறது. சொந்தம், சம்பந்தம், பழக்கம் எல்லாம் காசாக மாறியிருக்கிறது.

---

சிறுமலை எழுதியது:

நிலம் கைமாறவில்லை என்று முதலிலேயே சொன்னதற்குக் காரணம் இதுதான் அண்ணா.

கைமாற ஒரு வாய்ப்பு இருந்தது. 1865 ஜனவரி 16 ஷெர்மனின் 15ஆம் எண் உத்தரவு, சார்ல்ஸ்டனிலிருந்து தெற்கே கடற்கரை நிலத்தைக் குடும்பத்துக்கு 40 ஏக்கர் வரை ஒதுக்கியது. சுமார் 40,000 பேர் குடியேறி விதைத்தும்விட்டார்கள். லிங்கனுக்குப் பிறகு வந்த ஆண்ட்ரூ ஜான்சன் மே 29 பொது மன்னிப்பு அறிவித்தார். 20,000 டாலருக்கு மேல் சொத்துள்ளவர்கள் மட்டும் தனியாக வந்து மன்னிப்புக் கேட்க வேண்டும் என்றார். வந்து கேட்டார்கள், ஆயிரக்கணக்கில் கொடுத்தார். மன்னிப்போடு நிலமும் திரும்பிப் போனது.

எடிஸ்டோ தீவில் நடந்ததைப் படித்துவிட்டு ஆறவே இல்லை. அக்டோபரில் வடக்கின் தளபதி ஹோவர்ட், தேவாலயத்தில் கூடியிருந்த மக்களிடம் நிலத்தை விட்டுக்கொடுங்கள், பழைய முதலாளிகளை மன்னித்துவிடுங்கள் என்று சொன்னார். அவர்கள் குழு எழுதிய பதிலின் சாரம்: என்னை மரத்தில் கட்டி 39 கசையடி கொடுத்தவன், என் தாயையும் சகோதரியையும் அடித்தவன், இப்போது நான் அவனுடைய விலைக்கு உழைத்தால் ஒழிய ஒரு குடிசைகூடத் தராதவன், அவனை எப்படி மன்னிப்பது?

பிறகு வந்ததுதான் வாரச் சாகுபடி. நிலம் முதலாளிக்கு, விளைச்சலில் பாதி அவனுக்கு, விதையும் உப்பும் கடைக்காரனிடம் கடனுக்கு, அந்தக் கடனுக்கு நிற்கிற பயிரே அடமானம். இதை நம் ஊர்க்காரர்களுக்கு விளக்கவே தேவையில்லை.

---

பழைய மாணவன் எழுதியது:

விலைக்கு வாங்கியவர்களும் உண்டு. ராபர்ட் ஸ்மால்ஸ் சார்ல்ஸ்டன் துறைமுகத்தில் அடிமை மாலுமி. 1862 மே 13 விடியுமுன் தென்படையின் 'பிளான்டர்' கப்பலைக் குடும்பத்தோடு ஓட்டிக்கொண்டு தப்பினார். கேப்டனின் வைக்கோல் தொப்பியைப் போட்டுக்கொண்டு கோட்டைகளுக்குச் சரியான சைகை கொடுத்தே கடந்தார். பின்னால் தென் கரோலினாவின் பியூஃபர்ட்டில் வரி பாக்கிக்கு ஏலம் விட்ட பழைய முதலாளி வீட்டை அவரே வாங்கினார். காங்கிரஸ் உறுப்பினரும் ஆனார்.

பெஞ்சமின் மாண்ட்கமரி கதை இன்னும் நேரடியானது. தெற்கின் ஜனாதிபதி ஜெஃபர்சன் டேவிஸின் அண்ணன் ஜோசப் டேவிஸிடம் அடிமையாக இருந்தவர். பண்ணைக் கடையையும் கணக்கையும் அவரே பார்த்தார். 1862இல் டேவிஸ் குடும்பம் ஓடியது. 1866இல் அண்ணன் தம்பி இருவரின் பண்ணைகளையும் ஜோசப் 3 லட்சம் டாலருக்கு, 6 சதவீத வட்டியில் மாண்ட்கமரிக்கே விற்றார். அடுத்த வருடமே மிசிசிப்பி ஆறு கரை உடைத்து அந்த இடத்தைத் தீவாக்கியது. அப்படியும் அவர் மாநிலத்தின் பெரிய பருத்தி விளைவிப்போரில் ஒருவரானார். 1870களில் பருத்தி விலை விழுந்து வட்டி கட்ட முடியவில்லை. 1877இல் இறந்தார். ஜெஃபர்சன் டேவிஸ் வழக்குப் போட்டுத் தன் பங்கைத் திரும்ப வாங்கினார்; 1881இல் மீதியும் டேவிஸ் குடும்பத்துக்கே போனது.

மாண்ட்கமரியின் மகன் ஐசையா அங்கே நிற்கவில்லை. 1887இல் மிசிசிப்பி டெல்டாவில் ரயில் கம்பெனியின் காட்டு நிலத்தை வாங்கி, மரம் வெட்டி, கறுப்பின மக்களுக்கென்றே மவுண்ட் பேயூ என்ற ஊரைக் கட்ட ஆரம்பித்தார்.